மீண்டும் ஒருமுறை அழுங்கள்!

"இன்னொரு முறை சொல்லுங்கள், அம்மா! முன்பு சொன்னதுபோலவே சொல்லுங்கள்!"

இப்படிக் கேட்டோம் நாம். கேட்டவர் யாரோ எவரோ அல்லர். மனிதனை மனிதனாக மதித்திட வேண்டும் என்று மேடைதோறும் முழங்குவோர், ஏழையின் கண்ணீர் பற்றி ஏடுகளில் எழுதிக் குவிப்போர், பகுத்தறிவுப் பாசறையில் பயின்றோர் — ஆம், நாமேதான் கேட்டோம். கேட்டது, மகனைப் பறிகொடுத்த ஒரு தாயிடம்!

தருமபுரி மாவட்டம், அரூர் வட்டத்திலே, சித்தேரி மலை கண்ணுக்குத் தெரியும் தொலைவில் ஒரு சிற்றூர். பெயர் எழுதப் போவதில்லை. ஏன் என்பது பின்னர் விளங்கும். புளி உலுக்கும் பருவம். வீட்டுக்கு வீடு திண்ணையில் புளி குவிந்து கிடக்கிறது. கூலிக்கு ஓடு நீக்கி, கொட்டை எடுக்கிறார்கள் பெண்கள். அந்தத் திண்ணையொன்றிலேதான் அம்மூதாட்டி அமர்ந்திருந்தார். மகன் பெங்களூரில் கட்டட வேலை. பத்து மாடி, பன்னிரண்டு மாடி என்று பிறருக்கு மாளிகை எழுப்பியவன், சாரம் முறிந்து வீழ்ந்தான். நள்ளிரவில் வேன் ஒன்று வந்தது, உடலை இறக்கினர், மேஸ்திரி ஒரு தாளில் கைந்நாட்டு வாங்கிக்கொண்டு, கொஞ்சம் பணத்தைத் திணித்துவிட்டுப் போனான். தாளில் என்ன எழுதியிருந்தது? அம்மைக்குத் தெரியாது. எழுத்தறியாதவர்.

இதைச் சொன்னார். சொல்லும்போது அழுதார். நாமும் கலங்கினோம். கலங்கிய கண்ணைத் துடைத்துக்கொண்டு கருவியைப் பார்த்த நண்பர் திடுக்கிட்டார் — ஒலிவாங்கியின் கம்பி செருகப்படவே இல்லை! படம் இருக்கிறது, குரல் இல்லை. அப்போதுதான் அந்தச் சொல் நம் வாயிலிருந்து வந்தது: இன்னொரு முறை சொல்லுங்கள், முன்பு சொன்னதுபோலவே!

மூதாட்டி நம்மைச் சற்று நேரம் பார்த்தார். கோபம் இல்லை அந்தப் பார்வையில்; இருந்திருந்தால் தாங்கியிருப்போம். மெல்லச் சொன்னார்:

"மொத வாட்டி அழுதது எம் மவனுக்கு. ரெண்டாவது வாட்டி உன் பொட்டிக்கா அழுவச் சொல்ற, சாமி?"

'சாமி' என்று அவர் அழைத்தது நம் பகுத்தறிவைச் சுடவில்லை. அந்தப் பக்கத்தில் பிள்ளையைக்கூட அப்படித்தான் அழைப்பார்கள். சுட்டது அந்தக் கேள்வி. அரூர்ப் பேருந்து நிலையம் வரும் வரையில் எவரும் எவரோடும் பேசவில்லை.

இதை ஏன் இப்போது எழுதுகிறோம்? இன்று ஊர்தோறும் இளைஞர்கள் ஆவணப்படம் எடுக்கக் கிளம்பியிருக்கிறார்கள். நல்லது, மிக நல்லது! ஒரு காலத்தில் படச்சுருள் வாங்கவே பணம் படைத்தோர் தயவு வேண்டும். காந்தியாரைப் பற்றி ஏ. கே. செட்டியார் ஆவணப்படம் ஆக்கி 1940இல் வெளியிட்டாரே, அதற்குத் துண்டு துண்டாகக் கிடந்த படச்சுருள்களைத் தேடி அந்தத் தமிழர் உலகின் பல நாடுகளுக்கு அலையவேண்டி இருந்தது. அத்தனை பாடும் ஒரு மாபெரும் தலைவரின் வாழ்வைத் தொகுக்க! இன்றோ, கையடக்கக் கருவி ஒன்று போதும். புளி கொட்டை எடுப்பவரின் வாழ்வும் படமாகும். தலைவர் கதையிலிருந்து தாயின் கதைக்கு வந்திருக்கிறோம். வரவேற்போம். ஆனால், தலைவர் தம் கதை எப்படிச் சொல்லப்படுகிறது என்று கேட்க ஆள் அம்பு வைத்திருப்பார். இந்தத் தாய்க்கு யார் இருக்கிறார்? அந்த ஒரு கேள்வியைத்தான் இக்கட்டுரையில் உடைத்துப் பார்க்க விரும்புகிறோம்.

ஆவணப்படம் என்றால் உண்மை, கதைப்படம் என்றால் கற்பனை என்று எளிதாகச் சொல்லிவிடுகிறோம். அவ்வளவு எளிதன்று அது. ஆவணப்படக் கலையின் தந்தை என்று போற்றப்படும் இராபர்ட் பிளாகர்ட்டி, 1922இல் 'நானூக் ஆஃப் த நார்த்' என்ற படத்தை வெளியிட்டார். வடதுருவப் பனிநாட்டு வேடன் ஒருவனின் வாழ்க்கை. உலகம் வியந்தது. பிற்பாடு வெளிவந்த செய்தி என்ன? வேடனின் உண்மைப் பெயர் நானூக் அன்று. அவ்வினத்தார் துப்பாக்கி ஏந்தத் தொடங்கிவிட்ட காலம் அது. படத்துக்காகப் பழைய ஈட்டியை ஏந்தினார்கள். பனிக்குடிலுக்குள் வெளிச்சம் போதவில்லை என்று பாதிக் குடிலை வெட்டித் திறந்துவிட்டு, அதிலே குடும்பத்தைத் துயில வைத்துப் படம் எடுத்தார். வெட்டவெளிக் குளிரிலே உறங்குவதுபோல் பாசாங்கு. பார்ப்பவர்க்கோ, குடும்ப வாழ்வின் கதகதப்பு! பிளாகர்ட்டி அம்மக்களை வெறுத்தவர் அல்லர், நேசித்தவர். நேசித்தவரே இதைச் செய்தார் என்பதைத்தான் நினைவில் நிறுத்தவேண்டும். நாமும் அந்த மூதாட்டியை வெறுத்தா கேட்டோம்?

இதைவிடக் கடினமான வழக்கு ஒன்று உண்டு. இட்லரின் கொலைக்கூடங்களைப் பற்றிக் குளோடு இலான்சுமன் எடுத்த 'சோவா', 1985இல் வெளிவந்தது. ஒன்பது மணி நேரத்துக்கு மேல் ஓடும் படம். பழைய பிணக்குவியல் காட்சி ஒன்றுகூட அதில் இல்லை. தப்பியவர் பேசுகிறார், கண்டவர் பேசுகிறார், கொலையில் உடந்தையானவரும் பேசுகிறார் — அவ்வளவே. ஆபிரகாம் போம்பா என்பவர் முடிதிருத்துநர். நச்சுப்புகை அறைக்கு அனுப்பப்படுமுன் பெண்களின் கூந்தலை வெட்டும் வேலை அவர்மீது சுமத்தப்பட்டிருந்தது. இலான்சுமன் அவரை ஒரு முடிதிருத்தகத்தில் நிறுத்தி, கையில் கத்தரிக்கோலும் கொடுத்து, பேசச் செய்கிறார். தம்முடன் வேலை செய்த ஒருவரின் மனைவியும் உடன்பிறந்தாளும் அந்த வரிசையில் வந்து நின்ற கட்டத்தை எட்டியதும் போம்பாவுக்கு வாயடைத்துப் போகிறது. வேண்டாம், முடியவில்லை என்கிறார். விடவில்லை இலான்சுமன், சொல்லித்தான் ஆகவேண்டும் என்கிறார். கருவி ஓடிக்கொண்டே இருக்கிறது. சொல்கிறார்.

சரியா, தவறா? நண்பர் குழாத்தில் இரண்டு இரவு வாதிட்டோம். 'அந்தச் சான்று இல்லையேல், அப்படி ஒன்று நடக்கவே இல்லை என்று கூசாமல் கூறுவோர் கை ஓங்கும்' என்றார் ஒருவர். உண்மை. 'வரலாற்றுக்காக ஒரு மனிதனை மறுபடியும் அந்த அறைக்குள் தள்ளலாமா?' என்றார் மற்றவர். அதுவும் உண்மை. நம் கருத்தைச் சொல்லிவிடுகிறோம்: போம்பா, தாம் எதற்குச் சான்று சொல்கிறோம் என்பதை அறிந்து வந்து நின்றவர். நம் மூதாட்டி அப்படி அல்லர். அவரிடம் நாம் எதுவும் விளக்கவில்லை. 'படம் எடுக்கிறோம், பாட்டி' என்றோம், அவர் தலையசைத்தார். அதை இசைவு என்று எடுத்துக்கொண்டோம். மேஸ்திரி வாங்கிய கைந்நாட்டுக்கும் நாம் வாங்கிய தலையசைப்புக்கும் என்ன வேறுபாடு? நினைத்தால் இப்போதும் கூசுகிறது.

ஆனந்த் பட்வர்த்தன், பம்பாய் நடைபாதைவாசிகளைப் பற்றி 1985இல் 'பம்பாய் அவர் சிட்டி' எடுத்தார். குடிசை இடிக்கப்பட்டு நடுத்தெருவில் நிற்கும் பெண் ஒருத்தி அவரையே பிடித்து உலுக்குகிறாள்: எங்களைப் படம் பிடித்து நீ பெயர் வாங்கிக்கொள்வாய், எங்களுக்கு என்ன ஆகும் என்ற பொருள்பட வசை பொழிகிறாள். வேறொருவராயிருப்பின் அந்தத் துண்டை வெட்டி எறிந்திருப்பார். பட்வர்த்தன் படத்திலேயே வைத்தார்! தம்மைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றிய குரலைத் தாமே ஊருக்கெல்லாம் ஒலிபரப்பினார். கேள்விக்கு விடை சொல்லிவிட்டதாகவும் பாவனை செய்யவில்லை. அந்தப் படத்திலே பாடிய தலித் கவிஞர் விலாஸ் கோக்ரே, 1997இல் மும்பை இரமாபாய் நகரில் காவல்துறை சுட்டுப் பத்துப்பேர் மாண்டது கண்டு, உள்ளம் உடைந்து உயிர் நீத்தார். அந்த ஒரு மனிதரின் மறைவிலிருந்து தொடங்கி, 14 ஆண்டுகள் உழைத்து, 2011இல் 'ஜெய் பீம் காம்ரேட்' என்ற படத்தை முடித்தார் பட்வர்த்தன். பதினான்கு ஆண்டு! நாமோ ஒரு பிற்பகலில் ஒரு தாயின் வாழ்வை முடித்துவிடலாம் என்று போனோம். மாலைப் பேருந்தைப் பிடிக்கும் அவசரம் வேறு.

வெளியூர்க் கதை போதும். நம் நாட்டுக்கு வருவோம். மதுரைத் தோழர் ஆர். பி. அமுதன் 2003இல் எடுத்த படத்தின் பெயரையே பலர் நாவால் சொல்லத் தயங்குவர்: 'பீ'. நாளும் மனிதக் கழிவை அள்ளித் தெருவைத் தூய்மை செய்யும் ஒரு பெண்ணைக் கருவி பின்தொடர்கிறது. வேலை நிற்பதில்லை; வேலைக்கு நடுவே அவர் பேசுகிறார். நாற்காலி போட்டு உட்கார வைத்து, 'உங்கள் துயரத்தைக் கூறுங்கள்' என்ற நாடகம் இல்லை. அவர் குனிகிறார், கூட்டுகிறார், அள்ளுகிறார். பார்க்கும் நமக்குத்தான் நாற்காலியில் இருப்புக்கொள்ளவில்லை. அழவேண்டியவர் அவர் அல்லர் என்பதை ஒரு சொல் இன்றி உணர்த்துகிறது படம். 2017இல் திவ்யபாரதி அதே கொடுமையைப் பற்றி 'கக்கூஸ்' எடுத்தார். மலக்குழியில் மாண்டவர் குடும்பங்களை ஊர் ஊராகத் தேடிச் சென்று கேட்டார். பல ஊர்களில் அதைத் திரையிடக் காவல்துறை இடங்கொடுக்கவில்லை. தனி மனிதரின் கதை, தனி மனிதரோடு நின்றுவிடவில்லை என்பதற்கு அதைவிடச் சான்று வேண்டுமோ?

பாரதி கிருஷ்ணகுமாரின் 'ராமையாவின் குடிசை' இன்னொரு வகை. 1968 டிசம்பர் 25இல் கீழ்வெண்மணியில் 44 பேர் ஒரு குடிசைக்குள் எரிக்கப்பட்டனர். கீழ்நீதிமன்றம் தண்டித்த நிலக்கிழாரை உயர்நீதிமன்றம் விடுவித்தது. படம் வந்தது 2005இல். இடைப்பட்ட காலமெல்லாம் அந்தச் சான்றுகள் எங்கே இருந்தன? கண்டவர் நெஞ்சில் இருந்தன. நீதிமன்றம் கேட்டுவிட்டு ஒதுக்கியதை, ஆவணப்படம் மறுபடியும் கேட்டது.

இங்கேதான் நம் தருமபுரியின் பெருங்கதை வருகிறது: வாச்சாத்தி. அதே அரூர் வட்டம், அதே சித்தேரி மலையடிவாரம். 1992 ஜூன் 20. சந்தனக் கட்டை தேடுகிறோம் என்று வனத்துறை, காவல்துறை, வருவாய்த்துறையினர் படையெடுத்து வந்தனர். பழங்குடி மக்களை ஊர் ஆலமரத்தடியில் திரட்டி அடித்தனர், 18 பெண்கள் வன்புணர்ச்சிக்கு ஆளாயினர், வீடுகள் நொறுங்கின, பெண்டு பிள்ளைகளோடு சிறைக்கு இழுத்துச் செல்லப்பட்டனர். குற்றம் சாட்டப்பட்டோர் 269 பேர் — அத்தனை பேரும் அரசு ஊழியர்! தீர்ப்பு வந்த நாள் 2011 செப்டம்பர் 29. அதற்குள் 54 பேர் மாண்டுபோயினர். எஞ்சிய 215 பேரும் குற்றவாளிகள் என்றது தருமபுரி நீதிமன்றம். மேல்முறையீட்டில் உயர்நீதிமன்றம் அதை உறுதி செய்தது 2023 செப்டம்பர் 29இல்.

19 ஆண்டு என்று எழுதிவிட ஒரு வினாடி. அந்தப் பெண்களுக்கு அது என்ன என்று எண்ணிப் பாருங்கள், தோழர்களே! இயக்கத்தாரிடம் சொன்னார்கள். ஆணையத்திடம் சொன்னார்கள். மத்தியப் புலனாய்வுத் துறையிடம் சொன்னார்கள். கூண்டில் ஏறிச் சொன்னார்கள். குறுக்கு விசாரணையில் மறுபடி சொன்னார்கள். ஒவ்வொரு முறையும் அதே கதையை அதே வரிசையில் சொல்லியாகவேண்டும். ஒரு நாழிகை முன்பின் ஆனால் 'பொய்' என்பார் எதிர்த்தரப்பு வழக்கறிஞர். 'பராசக்தி'யின் நீதிமன்றக் காட்சியை மனப்பாடமாக ஒப்பிப்போம் நாம். 1952 முதல் எத்தனை தலைமுறை ஒப்பித்திருக்கிறது! வாச்சாத்திப் பெண்களுக்கு வசனம் எழுதித் தர எவரும் இல்லை. அவர்கள் பேசியதற்குக் கைதட்டவும் எவரும் இல்லை. இருந்தும் வென்றார்கள்.

அத்தகையவர் முன்னால் கருவியோடு போய் நிற்கும் இளைஞன் என்ன கேட்பான்? 'அன்று என்ன நடந்தது?' என்றுதானே! அது நீதிமன்றம் கேட்கவேண்டிய கேள்வி, கேட்டாயிற்று. நீதிமன்றம் கேளாத கேள்விகள் எத்தனையோ உண்டு. சிறையிலிருந்து திரும்பி வந்தபோது முதல் அடுப்பை மூட்டியது யார்? வழக்கு நாளன்று ஆட்டை மேய்த்தது யார்? அவர்களின் வாழ்நாள் ஒரே ஒரு நாள்தானா? குற்றவாளிகள் அவர்களை அந்த ஒரு நாளாகச் சுருக்கினர்; படம் எடுப்பவரும் அதையே செய்தால் என்ன சொல்வது?

சட்டம் ஒன்றும் உண்டு. படம் எடுக்கும் தோழர்கள் அறிந்திருக்கவேண்டும். வன்புணர்ச்சிக்கு ஆளானவர் இன்னார் என்று வெளியிடுவது குற்றம் — 1983இல் இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 228-ஏ என்று சேர்த்தார்கள். 2024 ஜூலை முதல் அது 'பாரதிய நியாய சன்ஹிதா'வின் 72ஆம் பிரிவு. (வாயில் நுழையாப் பெயரை நம் வாயில் திணித்தது பற்றி இன்னொரு நாள் எழுதுவோம்.) பாதிக்கப்பட்டவர் உயிரோடு இருக்கும் பெரியவர் எனின், அவரே எழுத்தால் இசைவு தரலாம். இதில் நுட்பம் இருக்கிறது. முகத்தில் கருப்புக் கட்டம் போட்டுவிட்டால் கடமை முடிந்ததென நினைக்கிறோம். ஆனால் குற்றம் செய்தவன் முகம் நிமிர்ந்து நிற்க, பாதிக்கப்பட்டவள் முகம் ஏன் மறைய வேண்டும் என்று அவளே கேட்டால்? காட்டுவதும் மறைப்பதும் அவள் முடிவு. நம் கொள்கையும் அன்று, நம் கூச்சமும் அன்று, அங்கே செல்லுபடியாவது.

தருமபுரி அகழ்வைப்பகத்துக்குச் சென்றவர் நடுகற்களைக் கண்டிருப்பார். ஆநிரை கவர்ந்தபோதோ மீட்டபோதோ பட்ட வீரனுக்குக் கல். இன்ன மன்னனுக்கு இத்தனையாவது ஆண்டு, இன்னார் மகன், இன்ன ஊரில் பட்டான் — சில வரிகளில் ஒரு மனிதன்! கண்ணீர் ஒரு சொட்டும் அதில் இல்லை. நம் மண்ணின் முதல் ஆவணப்படம் அதுதான் என்று நண்பர்களிடம் பெருமை பேசுவதுண்டு. பேசிவிட்டு ஒருநாள் அந்தக் கற்களுக்கு நடுவே நின்றபோதுதான் உறைத்தது: பட்டவனுக்குக் கல் இருக்கிறது, அவனை இழந்து மிச்ச வாழ்நாளைக் கடத்தியவளுக்குக் கல் இல்லை. கணவனோடு தீயில் மாண்டால் கல்லில் ஏறுவாள். உயிரோடு இருந்து பிள்ளையை வளர்த்தால் ஏறமாட்டாள். நம் மூதாட்டியின் நினைவு அங்கே வந்தது. ஒரு மாதம் கழித்து மறுபடியும் போனோம் — கருவி இல்லாமல்.

திண்ணையில் உட்கார்ந்து நாமும் கொட்டை எடுத்தோம். விரலெல்லாம் ஒட்டிக்கொண்டது, சிரித்தார் அவர். மகன் இறந்த கதையைச் சொல்லவில்லை அன்று. இருந்த கதையைச் சொன்னார். களி என்றால் முகம் சுளிப்பானாம். முதல் கூலியில் குக்கர் ஒன்று வாங்கி வந்தானாம். விசில் சத்தத்துக்குப் பயந்து பரண்மேல் ஏற்றிவிட்டாராம், இன்றும் அங்கேதான் இருக்கிறது. மூன்றாம் முறை போனபோது அவரே கேட்டார்: "பொட்டி எங்க?" எடுத்து வந்தோம். உள்ளே சென்று தகரப் பெட்டியைத் திறந்து, நாட்காட்டித் தாள் ஒன்றை விரித்துக் காட்டினார். மகன் கையெழுத்து: வேலை செய்த நாள், வாங்கிய முன்பணம், வரவேண்டிய பாக்கி — 47 நாள் கூலி.

"இத எடு. எம் மூஞ்சிய எதுக்கு எடுக்கற?"

கண்ணீர் தேடிப் போனோம் நாம். கணக்கு வைத்திருந்தார் அவர்! அந்தத் தாளின் படியைக் கொண்டு கட்டடத் தொழிற்சங்கத் தோழர் ஒருவர் இப்போது வழக்காடி வருகிறார்.

படம் பதினாறு நிமிடம் வந்தது. அவர் வீட்டுச் சுவரிலேயே வேட்டி கட்டி, அவருக்கும் தெருவாருக்கும்தான் முதலில் காட்டினோம். 1961இல் பாரிசில் ழான் ரூஷும் எட்கர் மோரனும் அப்படித்தான் செய்தார்கள். தாங்கள் எடுத்த படத்தை அதில் பேசியவர்களுக்கே காட்டி, அவர்கள் திட்டியதையும் படத்தோடு சேர்த்தார்கள். நம் படத்தில் மிகச் சிறந்த கட்டம் என்று நாம் கருதியது ஒன்று: மகன் மாண்டபின், இருபத்திரண்டு வயது மருமகளுக்கு மாமியாரே முன்னின்று மறுமணம் செய்து வைத்தார்! ஏடு படித்தவர் அல்லர், மேடைப் பேச்சு கேட்டவர் அல்லர். "அவ வயசுக்கு எதுக்கு மொடங்கிக் கெடக்கணும்?" என்று இரண்டு நிமிடம் பேசுகிறார். ஆயிரம் சொற்பொழிவு அதற்கு ஈடாகாது. சீர்திருத்தப் பிரசாரத்துக்கு வேறென்ன வேண்டும்! மகிழ்ந்தோம், மார்தட்டினோம்.

படம் முடிந்ததும் மூதாட்டி கேட்டார்: "இத அவ பாத்தாளா?"

பார்க்கவில்லை. நாம் நினைக்கவே இல்லை. கதையைச் சொன்னவர் மாமியார், கதை யாருடையது? கிருஷ்ணகிரிப் பக்கம் ஒரு கிராமத்தில் வாழும் அப்பெண்ணைத் தேடிச் சென்று கைப்பேசியில் காட்டினோம். இரண்டு முறை பார்த்தார். "அத்தை நல்லாப் பேசுது. ஆனா இந்த ஊர்ல யாருக்கும் தெரியாதுங்கண்ணா. எடுத்துடுங்க" என்றார். ஊர் பேர் சொல்லாமல் எழுதவாவது செய்யலாமா என்று கேட்டோம். யோசித்து, எழுதிக்கொள்ளுங்கள் என்றார். அதனால்தான் எழுதுகிறோம்.

திரும்பி வரும் வழியில் நமக்குள் சண்டை மூண்டது. 'மறுமணத்தை மறைப்பதா? மறைத்தால் மூடவழக்கத்துக்குத்தானே வெற்றி?' என்று கொதித்தார் ஒரு தோழர். 'அவர் தாமாக எழுந்து சொன்னால் அது வீரம். நாம் பிடித்துத் தள்ளினால் அதற்குப் பெயர் வேறு' என்றார் இன்னொருவர். கொதித்தவர் இன்றும் ஒப்பவில்லை. நம்மோடு பேசுகிறார், ஆனால் அதைப் பற்றிப் பேசுவதில்லை. அந்த இரண்டு நிமிடத்தை எடுத்துவிட்டோம்.

படம் இப்போது பதினான்கு நிமிடம். ஒன்பதாம் நிமிடத்தில் ஓர் உதறல் இருக்கிறது. சரியாக ஒட்டத் தெரியவில்லை நமக்கு. பாப்பிரெட்டிப்பட்டியில் திரையிட்டபோது பின்வரிசை இளைஞர் ஒருவர் எழுந்து, அங்கே ஏன் குதிக்கிறது என்று கேட்டார். அங்கே ஒன்று இருந்தது, அதற்கு உரியவர் வேண்டாம் என்றார், எடுத்துவிட்டோம் என்றோம்.

"நல்ல கட்டமா?" என்றார்.

"படத்திலேயே அதுதான் நல்ல கட்டம்" என்றோம்.